தெரியாது என்றால் நாக்குத் தேய்ந்துவிடுமா?

திருகோணமலை பஸ் நிலையத்தில் நின்று ஏதாவது விபரம் கேட்பவருக்கு, 'தெரியாது' என்ற ஒற்றைச் சொல்லைத் தவிர மற்றெல்லா விடைகளும் கிடைக்கும். சென்ற கிழமை மூதூர் பஸ் எப்போது வரும் என்று நான் கேட்டபோது, வெற்றிலையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு ஒதுக்கிய பெரியவர் ஒருவர், "தம்பி, கிண்ணியாவில பாலம் வர முந்தி, பாதைப் படகில ஏறிப் போன காலத்திலயிருந்து இந்த றூட் எனக்குத் தண்ணி பட்ட பாடு; ரெண்டரைக்கு வரும்" என்று அடித்துச் சொன்னார். மூன்று மணி கடந்தும் பஸ் வராததால் மீண்டும் அவரிடமே போனேன். "ஆருக்குத் தெரியும் தம்பி!" என்றார், சற்றும் கூசாமல்.

அறிந்ததைப் பறைசாற்ற நமக்குக் கரைத்துக் குடித்தல், கரை கண்டிருத்தல், அத்துப்படி, வடமொழியின் கரதலாமலகத்திலிருந்து வந்த உள்ளங்கை நெல்லிக்கனி என்று சொற்றொடர்களுக்குப் பஞ்சமில்லை. 'ஆனா ஆவன்னா தெரியாது' என்பதையோ நாம் பெரும்பாலும் அடுத்தவருக்கென்றே ஒதுக்கி வைத்திருக்கிறோம். இத்தனைக்கும் அறியாமையை ஒப்புக்கொள்வதற்குத் தமிழைப் போல இலகுவான மொழியைக் காண்பது அரிது: எனக்கு, உனக்கு, அவருக்கு என யாராயினும் அதே 'தெரியாது'தான், திணை, பால், இடம் எதற்கும் அது உருமாறுவதில்லை, 'நான்' என்று எழுவாயாக நிமிர்ந்து நிற்கவும் வேண்டியதில்லை, 'எனக்கு' என்று நான்காம் வேற்றுமைக்குள் ஒதுங்கிக்கொள்ளலாம்.

பஸ் ரெண்டேகாலுக்கே போய்விட்டதாகக் கச்சான் விற்ற அம்மா பிறகு சொன்னார். அவரிடம் நான் கேட்கவேயில்லை.