அஞ்சாம் வகுப்பிலேயே சொல்லுங்கள்

பருவமடைதல் பற்றி ஆறாவது பிள்ளைகளுக்கு ஒரு டீச்சர் எடுத்த வகுப்பைக் கடைசியில் நிறுத்தியே விட்டார்கள். பெற்றோர் குழுவில் சுற்றிய ஆடியோவை நீங்களும் கேட்டிருப்பீர்கள். "ஆறாவது படிக்கிற புள்ளைக்கு இதெல்லாம் எதுக்கு டீச்சர்?" கேட்டதிலிருந்து மனசு ஆறவில்லை.

எதுக்கா? பெண் பிள்ளைகளுக்கு 8 வயதிலிருந்து 13 வயதுக்குள் மார்பு அரும்பத் தொடங்கும். அதிலிருந்து இரண்டு, இரண்டரை வருஷத்தில் மாதவிடாய். கணக்குப் போட்டுப் பாருங்கள். அரசுப் பாடநூலில் 'வளரிளம் பருவமடைதல்' வருவதோ எட்டாம் வகுப்பில். ரத்தத்தைப் பார்த்துப் பயந்து அழுத பிள்ளைக்கு அப்போது சொல்லி என்ன பிரயோஜனம்? அஞ்சாவதிலேயே சொல்ல வேண்டும்.

"வீட்டில் அம்மா சொல்லிக்கொள்வாள்" என்கிறீர்கள். தாய்மாமன் சீர், உளுந்தங்களி, நல்லெண்ணெய், சேலம் அஞ்சு ரோடு சந்திப்பில் அவள் படத்தோடு ஃப்ளெக்ஸ். ஊருக்கே சொல்லியாயிற்று. நாப்கினை 4 முதல் 6 மணி நேரத்துக்குள் மாற்று என்று அவளுக்கு யார் சொன்னது? முதல் ஒன்றிரண்டு வருஷம் ஒழுங்காக வராது, 45 நாள் வரை தள்ளினாலும் பயப்படாதே; ஆனால் 7 நாளுக்கு மேல் நிற்காவிட்டாலோ, மணிக்கு ஒரு நாப்கின் நனைந்தாலோ டாக்டரிடம் போக வேண்டும் என்று யார் சொன்னது?

ஏற்காட்டு மலையில் மூடுபனி நாட்களில் மாதவிடாய்த் துணி காயாது. யார் கண்ணிலும் படக்கூடாதென்று பாவாடைக்கு அடியில் மறைத்துக் கொடியில் போடுகிறார்கள். ஈரம் போகாத துணியையே திரும்ப வைத்தால் அரிப்பு, புண். பச்சைத் தண்ணீரில் அலசி, சோப்புப் போட்டு, வெயில் எட்டிப்பார்க்கும்போது வெளியே விரித்துப் போட வேண்டும். வெயிலே இல்லையென்றால் இஸ்திரிப் பெட்டி. அந்தப் புண்ணுக்குக் காரணம் நாம் பழக்கிய வெட்கம்.

வாராவாரம் தரும் நீல நிற இரும்புச்சத்து மாத்திரையும் இப்படித்தான். மலம் கறுப்பாகப் போகும், அது சகஜம் என்று முன்கூட்டியே சொல்லாவிட்டால் பிள்ளை பயந்து எறிந்துவிடும். சாப்பிட்ட பிறகு போட வேண்டும். டீ, காப்பியோடு போட்டால் சத்து ஒட்டாது.

"பையன்களையும் கூட உட்கார வைப்பதா?" ஆமாம், வையுங்கள். குரல் உடைவதற்கு முன்பே விதைகள் பெரிதாகத் தொடங்கிவிடும். ஏறக்குறைய பாதிப் பையன்களுக்கு மார்பு கொஞ்சம் வீங்கி வலிக்கும். பெரும்பாலும் இரண்டு வருஷத்துக்குள் தானாக அடங்கிவிடும். இதைச் சொல்ல ஆளில்லாமல்தான் புத்தகப் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நடக்கிறான் ஒரு பையன். தூக்கத்தில் விந்து வெளியேறுவது நோயில்லை என்று பள்ளிக்கூடம் சொல்லாவிட்டால், பஸ் ஸ்டாண்டுச் சுவரில் ஒட்டியிருக்கும் லாட்ஜ் வைத்தியர் நோட்டீஸ் அதை நோய் என்று சொல்லிவிடும்.

"பிள்ளைகள் கெட்டுப்போகும்" என்று எழுத வருகிறவர்களுக்கு: பிள்ளைகளைப் பாலியல் கொடுமையிலிருந்து காக்கும் போக்சோ சட்டம் 2012-லேயே வந்துவிட்டது, 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணும் இருக்கிறது. ஆனால் எங்கே தொட்டான் என்று சொல்ல அந்த உறுப்பின் பெயராவது பிள்ளைக்குத் தெரிய வேண்டாமா?

அந்த டீச்சரை மறுபடி வகுப்புக்கு அனுப்புங்கள். ஜூன் மாதத்தில் இரண்டு பீரியட், அஞ்சாம் வகுப்பு, பையன்களும் பெண்களும் சேர்ந்து. அலமாரியில் ஒரு பாக்கெட் நாப்கின், ஒரு மாற்று யூனிஃபார்ம் பாவாடை.