செனோட்டே வெறும் பலிக்கிணறு இல்லை

மெக்சிகோவின் யுகாத்தானில் இருக்கும் செனோட்டேகளை, அதாவது தரை இடிந்து அடிநீர் தெரியும் பள்ளங்களைப் பற்றித் தமிழில் நான் பார்த்த காணொளிகள் பெரும்பாலும் இரண்டே வகை. ஒன்று, இருட்டான பள்ளத்தைக் காட்டி, திகில் இசை போட்டு, "இங்கேதான் கன்னிப் பெண்களை உயிரோடு தூக்கி வீசினார்கள்" என்று ஆரம்பிப்பது. இன்னொன்று, நீல நீரில் ஒருவர் குதிப்பதைக் காட்டி, நுழைவுக் கட்டணம் எவ்வளவு என்று சொல்லி முடிப்பது. அவ்வளவு பெரிய நகரங்களைக் கட்டிய மாயா சமூகம், தரை இடிந்து உண்டான ஒரு பள்ளத்தை ஏன் தெய்வத்தின் வீடாக நினைத்தது என்ற கேள்வி இரண்டிலும் வருவதில்லை. எனக்கு அது வெறும் குறையாகத் தெரியவில்லை. இன்றும் உயிரோடு இருக்கிற ஒரு மக்களுக்குச் செய்கிற அநியாயமாகத்தான் தெரிகிறது.

முதலில் அந்த நிலத்தைப் பார்த்துவிடலாம். மெக்சிகோவின் தென்கிழக்கில் இருக்கும் யுகாத்தான் தீபகற்பத்தின் வடபகுதியில் ஆறே கிடையாது. மழை இல்லாத ஊர் என்று நினைத்துவிட வேண்டாம். மே, ஜூனில் தொடங்கி அக்டோபர் வரை நன்றாகவே பெய்யும். ஆனால் பெய்த மழை தரையில் நிற்காது. முழு நிலமும் சுண்ணாம்புப் பாறை, அதன் மேல் மெல்லிய மண், அவ்வளவுதான். காற்றிலும் மண்ணிலும் இருக்கும் கரியமில வாயு மழைநீரில் கலந்து அதை லேசான அமிலமாக்குகிறது. அந்த நீர் பாறையைக் கரைத்துக்கொண்டே கீழே இறங்குகிறது. காலப்போக்கில் அடியில் குகைகளும் சுரங்கங்களும் உருவாகின்றன. ஒரு குகையின் கூரை தாங்காமல் இடிந்து விழும்போது அடியில் ஓடும் நீர் வெளிச்சத்துக்கு வருகிறது. அதுதான் செனோட்டே. சில செனோட்டேகள் செங்குத்தான சுவர்களோடு கிணறு மாதிரி இருக்கும். சிலவற்றில் மேலே சின்னத் துளை, உள்ளே பெரிய மண்டபம். வேறு சில குளம் மாதிரி திறந்து கிடக்கும். தீபகற்பம் முழுக்க ஆயிரக்கணக்கில் இருக்கின்றன.

வடமேற்கில் இவை அரைவட்டமாக வரிசை கட்டி நிற்பதற்குக் காரணம் வானத்திலிருந்து வந்தது. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன், டைனோசர்களின் முடிவோடு சேர்த்துப் பேசப்படும் அந்த விண்கல் விழுந்தது இங்கேதான். சீக்சுலுப் பள்ளம் என்று பெயர், விட்டம் சுமார் 180 கிலோமீட்டர். பிறகு வந்த சுண்ணாம்புப் படிவுகள் அதை முழுக்க மூடிவிட்டன. ஆனால் புதைந்த விளிம்பை ஒட்டிய பாறையில் நீர் அதிகம் ஓடி அரித்ததால், அந்த விளிம்பின் வடிவம் மேலே செனோட்டேகளின் வளையமாகத் தெரிகிறது.

கீழே என்ன இருக்கிறது என்பது இன்னும் பெரிய ஆச்சரியம். கடல் பாறைக்குள் வெகுதூரம் ஊடுருவியிருப்பதால் அடியில் உப்புநீர் நிற்கிறது. அதன் மேல் பால் மீது படியும் ஆடை போல நன்னீர் மிதக்கிறது. பல செனோட்டேகள் ஒன்றோடொன்று நீரடிக் குகைகளால் இணைந்தவை. கிழக்குக் கரையில் இருக்கும் துலூம் ஊர்ப் பக்கத்தில் சாக் அக்துன், தோஸ் ஓஹோஸ் என்ற இரண்டு குகை அமைப்புகள் உண்மையில் ஒன்றுதான் என்று 2018-ல் முக்குளிப்பவர்கள் கண்டுபிடித்தார்கள். அப்போது அளந்த மொத்த நீளம் 347 கிலோமீட்டர். அந்தப் பகுதியில் உள்ள ஓயோ நெக்ரோ என்ற ஆழமான பள்ளத்தில் 2007-ல் ஒரு பதின்வயதுப் பெண்ணின் எலும்புக்கூடு கிடைத்தது. வயது 12,000 ஆண்டுகளுக்கு மேல். நையா என்று பெயர் வைத்திருக்கிறார்கள். பனியுகத்தில் கடல்மட்டம் தாழ்ந்திருந்ததால் அன்று அந்தக் குகைகளின் பெரும்பகுதி வறண்டு கிடந்தது. தண்ணீர் தேடி உள்ளே போய் விழுந்திருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். மாயா நாகரிகம் என்ற ஒன்று உருவாகப் பல ஆயிரம் ஆண்டுகள் இருந்த காலம் அது.

சரி, இப்போது ஒரு மாயா விவசாயியின் இடத்தில் நின்று பாருங்கள். சோளம்தான் உணவு. சோளத்துக்கு மழைதான் கதி. ஆறு இல்லை, மலையிலிருந்து இறங்கும் ஊற்று இல்லை. நீர் கண்ணில் படும் ஒரே இடம் தரைக்குள் இருக்கும் அந்தப் பள்ளம். அதிலிருந்து காலையில் குளிர்ந்த காற்று வரும், ஆவி எழும். அங்கே இருக்கும் நீர் எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்று தெரியாது. மழைத் தெய்வமான சாக் அங்கேதான் குடியிருக்கிறார், மேகம் அங்கிருந்துதான் புறப்படுகிறது என்று அவர்கள் நினைத்ததில் எனக்கு எந்த மூடத்தனமும் தெரியவில்லை. இன்று ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் இருக்கும் மாயா சுவடியில், செனோட்டேயின் நீருக்குள் சாக் அமர்ந்திருப்பதை வரைந்திருக்கிறார்கள். மேலுலகம், மனிதர் வாழும் தரை, கீழுலகம் என்று மூன்று அடுக்குகளாக உலகத்தைப் பார்த்தவர்கள் அவர்கள். கீழுலகத்துக்கு வாசல் குகையும் செனோட்டேயும். இறந்தவர்கள் போகும் வழியும் அதுதான், உயிர் வாழத் தேவையான நீர் வரும் வழியும் அதுதான். இந்த இரண்டையும் பிரிக்காமல் சேர்த்தே நினைத்த அந்தச் சிந்தனை எனக்கு மிகவும் பிடிக்கும்.

யுகாத்தானில் இருக்கும் பழைய மாயா நகரமான சீச்சென் இட்சாவில் இரண்டு பெரிய செனோட்டேகள் இருக்கின்றன என்பதைப் பலர் சொல்வதே இல்லை. ஒன்று ஷ்டோலோக், அன்றாடத் தண்ணீருக்கு. இன்னொன்று புனித செனோட்டே, சுமார் 60 மீட்டர் அகலம், விளிம்பிலிருந்து 20 மீட்டருக்கும் கீழே பச்சை நிற நீர். பெரிய பிரமிடு இருக்கும் திடலிலிருந்து அதற்குச் சுமார் 300 மீட்டர் நீளத்துக்கு வெள்ளைச் சாலை போட்டிருக்கிறார்கள். அந்த வழியில் காணிக்கைகள் வந்தன. கொப்பல் என்ற சாம்பிராணிப் பிசின் உருண்டைகள், பச்சை மணிக்கற்கள், செம்பு மணிகள், மரச்சாமான்கள், துணிகள், தங்கத் தகடுகள். யுகாத்தானில் தங்கம் கிடையாது. இன்றைய பனாமா, கோஸ்டா ரிக்கா பக்கத்திலிருந்து கைமாறி வந்த தங்கம் அது. நிறைய பொருட்களை வேண்டுமென்றே உடைத்துவிட்டுத்தான் நீரில் போட்டிருக்கிறார்கள். மனிதர்களின் பயன்பாட்டிலிருந்து அதை முழுமையாக விலக்கிக் கொடுப்பது போல. அடியில் நாலு மீட்டருக்கு மேல் நீலப் படிவு இருந்தது. காணிக்கைகள் மீது பூசிய மாயா நீலம் என்ற சாயம் கரைந்து தங்கியதுதான் அது என்று ஆய்வாளர்கள் விளக்குகிறார்கள்.

மனிதப் பலி? நடந்தது. அதை மறைத்துப் பேசுவது மாயா மக்களுக்குச் செய்யும் மரியாதை ஆகாது. நீரடியிலிருந்து இருநூறுக்கும் மேற்பட்டவர்களின் எலும்புகள் கிடைத்திருக்கின்றன. ஆனால் "கன்னிப் பெண்கள்" என்ற கதையை அந்த எலும்புகளே பொய்யாக்குகின்றன. ஆண்கள் இருக்கிறார்கள், பெண்கள் இருக்கிறார்கள், குழந்தைகள் நிறைய இருக்கிறார்கள். புனித செனோட்டேவுக்கு அருகில் ஒரு நிலத்தடி அறையில் 1967-ல் கிடைத்த குழந்தைகளின் எலும்புகளை மரபணு முறையில் ஆராய்ந்து 2024-ல் முடிவுகளை வெளியிட்டார்கள். ஆராய்ந்த 64 பேரும் ஆண் குழந்தைகள். அவர்களில் இரண்டு ஜோடி ஒரே மாதிரி இரட்டையர். பலர் ஒருவருக்கொருவர் நெருங்கிய உறவினர்கள். இதைப் படித்தபோது எனக்கு வயிறு கலங்கியது. தன் சொந்த வீட்டுப் பிள்ளைகளைக் கொடுக்கும் அளவுக்கு ஒரு சமூகத்தை எது தள்ளியது என்று கேட்காமல், "காட்டுமிராண்டிகள்" என்று சொல்லிவிட்டு நகர என்னால் முடியவில்லை. ஏரிப் படிவுகளை வைத்துப் பார்த்தால், 9-ஆம் நூற்றாண்டுக்கும் 11-ஆம் நூற்றாண்டுக்கும் இடையில் அந்த நிலம் கடுமையான வறட்சிகளைத் திரும்பத் திரும்பச் சந்தித்திருக்கிறது.

அந்த ஆய்வில் இன்னொன்றும் இருக்கிறது. அந்தக் குழந்தைகளின் மரபணுவை, பக்கத்து ஊரான திஷ்காகல்துயூபில் இன்று வாழும் மாயா மக்களின் மரபணுவோடு ஒப்பிட்டார்கள். தொடர்ச்சி தெளிவாகத் தெரிந்தது. "மர்மமாக மறைந்துபோன மாயா" என்று இனி யாராவது சொன்னால் இதைச் சொல்லுங்கள்.

நகரம் தளர்ந்த பிறகும் அந்த நீரின் மேல் இருந்த நம்பிக்கை தளரவில்லை. 1536-ல் கடும் பஞ்சம். மானி என்ற ஊரை ஆண்ட ஷியூ என்ற மாயா குலத்தின் தலைவர், சீச்சென் இட்சாவின் செனோட்டேவில் காணிக்கை செலுத்தப் புறப்பட்டார். வழியில் பகைக் குலமான கோகோம்களின் நாடு. அவர்கள் அனுமதி கொடுத்து, விருந்தும் வைத்து, ஒட்ஸ்மால் என்ற இடத்தில் எல்லோரையும் கொன்றார்கள். எதிரியின் மண் வழியாக நடந்தாவது அந்த நீரிடம் போய்ச் சேர வேண்டும் என்று ஒரு அரசர் நினைத்திருக்கிறார் என்பதுதான் என்னை இந்தச் செய்தியில் பிடித்து நிறுத்துகிறது. அதற்கு 26 ஆண்டுகள் கழித்து, அதே மானியில், தியேகோ தே லாந்தா என்ற பிரான்சிஸ்கன் துறவி மாயா சுவடிகளையும் தெய்வ உருவங்களையும் தீயில் போட்டார். பலி பற்றி நாம் படிக்கும் பழைய விவரங்களில் பெரும்பகுதி அவர் எழுதி வைத்ததுதான். தீ வைத்த கை எழுதிய சாட்சியம் அது என்பதை மறக்காமல் படிக்க வேண்டும்.

அப்புறம் எட்வர்ட் தாம்சன். அமெரிக்கத் துணைத் தூதராக வந்தவர், சீச்சென் இட்சா இடிபாடுகள் அடங்கிய பண்ணை நிலத்தையே வாங்கினார். 1904-லிருந்து சில ஆண்டுகள் புனித செனோட்டேயில் வாரி இயந்திரத்தை இறக்கிச் சேற்றை அள்ளினார். கிடைத்தவை ஹார்வர்டின் பீபாடி அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. மெக்சிகோ வழக்குப் போட்டது. அவர் இறந்த பிறகு, 1944-ல் மெக்சிகோவின் உச்ச நீதிமன்றமே அவருடைய வாரிசுகளுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. பின்னாளில் ஒரு பகுதியை அருங்காட்சியகம் திருப்பிக் கொடுத்தது. என் கருத்து இதில் தெளிவு: ஒரு மக்கள் தங்கள் தெய்வத்துக்குக் கொடுத்ததை வெளியே எடுத்தவர் யாராக இருந்தாலும், அது அந்த மண்ணுக்குத் திரும்ப வேண்டும். முழுவதும்.

வழிபாடு நின்றுவிடவில்லை. யுகாத்தான் கிராமங்களில் மழை தாமதமானால் இன்றும் சா-சாக் என்ற மழை வேண்டுதல் நடக்கிறது. ஹ்மென் என்கிற பூசாரி நடத்துவார். தழைகளால் பந்தல் மாதிரி பலிபீடம் கட்டுவார்கள். மரப்பட்டையும் தேனும் சேர்த்துப் புளிக்க வைத்த பல்சே பானம் படைப்பார்கள். பீடத்தின் நாலு மூலையிலும் சிறுவர்கள் உட்கார்ந்து தவளை மாதிரி கத்துவார்கள், மழை வரும் முன் தவளைகள் கத்துமே, அந்த மாதிரி. இதற்கு வேண்டிய நீரை மனிதர் புழங்காத குகையிலிருந்தோ செனோட்டேயிலிருந்தோ எடுத்து வருவது வழக்கம். 1959-ல் சீச்சென் இட்சாவுக்குப் பக்கத்தில் பாலன்கஞ்சே குகையில், பல நூற்றாண்டு அடைபட்டுக் கிடந்த அறையில் தூபக்கால்கள் வைத்தது வைத்தபடி கிடைத்தன. உள்ளூர் ஹ்மென், தெய்வங்களின் இடத்துக்குள் ஆட்கள் நுழைந்துவிட்டார்கள், தெய்வங்களைச் சாந்தப்படுத்த வேண்டும் என்று சொல்லி அங்கேயே சடங்கு நடத்தினார். தொல்லியல் ஆய்வாளர்களும் அதில் உட்கார்ந்தார்கள்.

இந்த நம்பிக்கைக்கு இன்று நீதிமன்றத்திலும் வேலை இருக்கிறது. ஓமூன் என்ற ஊரைச் சுற்றி நிறைய செனோட்டேகள். அங்கே 49,000 பன்றிகளை வளர்க்கும் பண்ணை ஒன்று வந்தது. பன்றிக் கழிவு நிலத்தில் கலந்தால், வடிகட்ட அங்கே ஆழமான மண் இல்லை, பாறையின் ஓட்டைகள் வழியே நேராக நிலத்தடி நீருக்குப் போய்விடும். ஊர் மக்கள் 2017-ல் தாங்களே வாக்கெடுப்பு நடத்திப் பண்ணை வேண்டாம் என்றார்கள். செனோட்டேகளின் காவலர்கள் என்று பொருள்படும் கனன் த்சொனோட் என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். வழக்கை ஊர்க் குழந்தைகளின் பெயரில் போட்டார்கள், எதிர்காலத்தில் அந்த நீரைக் குடிக்கப் போகிறவர்கள் அவர்கள்தானே. 2018-ல் பண்ணை நிறுத்தி வைக்கப்பட்டது. 2021-ல் உச்ச நீதிமன்றமும் அந்தத் தடையை உறுதி செய்தது. முன்பு மழைக்காகக் குழந்தைகளைக் கொடுத்த நிலத்தில், இன்று குழந்தைகளே நீருக்காக வழக்காடுகிறார்கள். அந்த மக்களின் மீது எனக்கு இருக்கும் மரியாதைக்கு இது ஒன்றே போதும்.

தீபகற்பத்தைச் சுற்றி மெக்சிகோ அரசு போட்ட மாயா ரயில் பாதை விஷயத்தில் அவ்வளவு நல்ல செய்தி இல்லை. 2023 டிசம்பரில் முதல் பகுதி ஓடத் தொடங்கியது. கான்கூனிலிருந்து துலூம் வரையிலான ஐந்தாம் பிரிவில், காட்டை வெட்டி, தண்டவாளத்தைத் தாங்குவதற்காகக் குகைகளின் கூரையைத் துளைத்து இரும்புத் தூண்களை இறக்கியிருக்கிறார்கள். முக்குளிப்பவர்களும் குகை ஆய்வாளர்களும் எடுத்த படங்களில், தெளிந்த நீருக்குள் அந்தத் தூண்கள் நிற்பதும் சில இடங்களில் கான்கிரீட் கசிந்து கிடப்பதும் தெரிகிறது. ரயில் வந்தால் தெற்கு மெக்சிகோவின் ஏழைகளுக்கு வேலை கிடைக்கும் என்ற வாதத்தை நான் அலட்சியப்படுத்த மாட்டேன். அங்கே வறுமை உண்மை. ஆனால் பாதை போட வேறு தடம் இருந்தது, முதலில் திட்டமிட்டதும் வேறு தடம்தான். தீபகற்பம் முழுக்கக் குடிக்கும் நீரின் கூரையைத் துளைத்துப் பாதை போட்டதை வளர்ச்சி என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியாது.

போக வாய்ப்புக் கிடைப்பவர்கள் தயவுசெய்து போங்கள். பெரிய பொழுதுபோக்குப் பூங்காக்களுக்குள் அடைத்து வைத்திருக்கும் செனோட்டேகளை விட்டுவிட்டு, ஓமூன் மாதிரி ஊர் மக்களே பார்த்துக்கொள்ளும் இடங்களுக்குப் போங்கள். அங்கே மோட்டார் ரிக்‌ஷாக்காரர்களே வழிகாட்டிகள், நீங்கள் கொடுக்கும் பணம் அந்த ஊரிலேயே தங்கும். இறங்கும் முன் உடம்பில் பூசிய வெயில் களிம்பைக் கழுவச் சொல்வார்கள். சலித்துக்கொள்ளாமல் கழுவிவிட்டு இறங்குங்கள். வழிகாட்டியிடம் ஆழம் எத்தனை மீட்டர் என்பதோடு நிறுத்தாமல், இந்த வருடம் மழை எப்படி, ஊரில் சா-சாக் நடந்ததா என்றும் கேளுங்கள்.