இரண்டு மாதத்தில் முடிய வேண்டிய விசாரணை

பெங்களூர் ராமமூர்த்தி நகரில் எங்கள் மாடி வீட்டில் இருக்கும் அண்ணன் ரிட்டயர் ஆகி ஆறு வருஷம் ஆகிறது. கிராஜுவிட்டி இன்னும் கைக்கு வரவில்லை. மத்திய அரசு நிறுவனம் ஒன்றில் பழங்குடி இட ஒதுக்கீட்டில் சேர்ந்து முப்பத்து மூன்று வருஷம் லேத் மெஷின் முன்னால் நின்றவர். எப்போது போய்க் கேட்டாலும் ஒரே பதில்தான்: சாதிச் சான்றிதழின் மெய்த்தன்மை நிலுவையில் இருக்கிறது.

அவருக்குச் சொந்த ஊர் கிருஷ்ணகிரிப் பக்கம். 1984-ல் தாசில்தார் கொடுத்த சான்றிதழில் குருமன்ஸ் என்று இருக்கிறது. (1989 நவம்பர் 11-க்குப் பிறகுதான் பழங்குடிச் சான்றிதழ் கொடுக்கும் அதிகாரம் கோட்டாட்சியருக்குப் போனது. அதற்கு முன்னால் தாசில்தார் கொடுத்தது செல்லும்.) தாத்தாவின் பழைய கிரயப் பத்திரத்திலும் குருமன் என்றே இருக்கிறது. ஆனால் சித்தப்பாவைப் பள்ளியில் சேர்த்தபோது ஒரு வாத்தியார் 'குரும்பர்' என்று எழுதிவிட்டார். தமிழ்நாட்டுப் பட்டியலில் குருமன்ஸ் பழங்குடி. குரும்பாஸ் நீலகிரி மாவட்டத்தில் மட்டும்தான் பழங்குடி. அந்த வாத்தியார் எழுதிய ஒரு சொல் இத்தனை வருஷமாக இவரைத் துரத்துகிறது.

சாதிச் சான்றிதழ் உண்மையா என்று விசாரிக்கும் அரசின் சரிபார்ப்புக் குழு முதல் முறை சான்றிதழை ரத்து செய்தபோது, விசாரணை அறிக்கையின் நகலைக்கூட இவருக்குக் கொடுக்கவில்லை. அதை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டார், ஜெயித்தார். அன்று அவர் வீட்டு அக்கா பாயசம் வைத்து எங்கள் வீட்டுக்கும் கொடுத்தனுப்பினார். தீர்ப்பின் கடைசி வரியை அப்போது யாரும் சரியாகப் படிக்கவில்லை: 'குழு புதிதாக விசாரித்து முடிவெடுக்கட்டும்.' ஏழு வருஷம் கழித்துக் குழு மறுபடி ரத்து செய்தது. இந்த முறை சொன்ன காரணம், கல்யாணச் சடங்கு, சாவுச் சடங்கு பற்றி அவர் சொன்ன பதில்கள் அந்த இனத்தோடு ஒத்துப்போகவில்லை என்பது. பத்தொன்பது வயதில் பிழைக்க பெங்களூர் வந்தவர். அவர் கல்யாணம் அல்சூரில் ஒரு சத்திரத்தில் நடந்தது. அவரிடம் போய் என்ன சடங்கைத் தேடுகிறார்கள்? மறுபடி ரிட். மறுபடி திருப்பி அனுப்பினார்கள்.

இந்தத் திருப்பி அனுப்புவதைத்தான் நான் எதிர்க்கிறேன். ரிட் விசாரிக்கும் நீதிமன்றம் அப்பீல் கோர்ட் போல உட்கார்ந்து சாட்சியத்தை எடைபோடக் கூடாது என்பது எனக்கும் தெரியும். மகாராஷ்டிர முன்னாள் எம்.பி. நவ்நீத் ராணாவின் சாதிச் சான்றிதழ் வழக்கில் 2024-ல் உச்ச நீதிமன்றம் அதைத்தான் சொன்னது. முதல் முறை நடைமுறை தவறு என்று திருப்பி அனுப்புவது நியாயம். இரண்டாம் முறையும் அதே பத்திரங்கள் கோர்ட் முன்னால் இருக்கும்போது, அவற்றைப் படித்து முடித்து வைப்பதில் என்ன தடை? சடங்குச் சோதனை மட்டுமே முடிவான உரைகல் ஆகாது என்று 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் மகாராஷ்டிர தாக்கூர் பழங்குடி வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டார்கள். சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணத்துக்கு மதிப்பு அதிகம் என்பதும் பல தீர்ப்புகளில் வந்தாயிற்று.

இந்தக் குழுக்கள் எல்லாம் பிறந்தது உச்ச நீதிமன்றத்தின் 1994 மாதுரி பாட்டீல் தீர்ப்பில். குழு விசாரணையை இரண்டு மாதத்துக்குள் முடிக்க வேண்டும், உயர் நீதிமன்றம் ரிட்டை மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று அதே தீர்ப்பில்தான் இருக்கிறது. ரத்து உத்தரவு ஒவ்வொன்றிலும் மாதுரி பாட்டீல் பெயர் வருகிறது. அந்த இரண்டு மாதமும் மூன்று மாதமும் எதிலும் வரக் காணோம்.

போலிச் சான்றிதழில் வேலைக்குச் சேர்ந்தவர்கள் இருக்கிறார்கள். மலையில் இருக்கும் உண்மையான பழங்குடிப் பிள்ளையின் இடம் அது. பொய்ச் சான்றிதழால் கிடைத்த பலன் போக வேண்டும் என்ற உச்ச நீதிமன்றத்தின் 2017 தீர்ப்பை நான் முழுசாக ஆதரிக்கிறேன். ஆனால் யோசித்துப் பாருங்கள், இந்தத் தாமதத்தால் யாருக்கு லாபம்? போலி ஆள் ஸ்டே வாங்கி, சர்வீஸ் முழுக்கச் சம்பளம் எடுத்துவிட்டுப் போகிறான். நிஜமானவர் கடைசியில் வர வேண்டிய பணத்துக்காக வாய்தா வாய்தாவாக அலைகிறார். கெடுவை நீதிமன்றம் கண்டிப்பாக அமல்படுத்தினால் இரண்டு பேருக்கும் உரியது கிடைக்கும். கெடு தாண்டினால் பிடித்து வைத்த பணத்தை வட்டியோடு விடுவிக்க உத்தரவு போட வேண்டும். தவறு என்று பிறகு நிரூபணமானால் வசூலிக்கச் சட்டத்தில் வழி இருக்கிறது.

மூன்றாவது ரிட் அடுத்த வாரம் வருகிறது. அண்ணனுக்கு இப்போது முழங்கால் வலி, தனியாக ரயில் ஏற முடியாது. நானும் லீவ் போட்டிருக்கிறேன். தாத்தாவின் பத்திரத்தைப் புதிதாக லேமினேட் செய்து தரச் சொன்னார். வேண்டாம் அண்ணே, அசலில் கை வைக்கக் கூடாது என்று சொல்லி, இரண்டு நகல் எடுத்துக் கொடுத்திருக்கிறேன்.