ஜெனட் ரேங்கின் 1917-ல் தனி ஆளாக எதிர்த்தாரா?
“அமெரிக்கா முதல் உலகப்போரில் இறங்குவதை எதிர்த்து வாக்களித்த ஒரே உறுப்பினர் ஜெனட் ரேங்கின், அதனால்தான் மக்கள் அவரைத் தோற்கடித்தார்கள்” என்று, மொன்டானா மாநிலத்திலிருந்து அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைக்கு (நாடாளுமன்றக் கீழவை) தேர்வான இந்தப் பெண்ணைப் பற்றிச் சொல்வதுண்டு. இரண்டுமே சரியில்லை.

1917 ஏப்ரல் 6 அதிகாலை, பிரதிநிதிகள் சபையில் போர்ப் பிரகடனத்துக்கு ஆதரவு 373, எதிர்ப்பு 50. ஆளுங்கட்சியான ஜனநாயகக் கட்சிக்குச் சபையில் தலைவராக இருந்த கிளாட் கிச்சினே எதிர்த்தார். மேலவையான செனட்டிலும் 6 பேர் எதிர்த்தார்கள். ரேங்கின் பதவியேற்று நாலே நாள் ஆகியிருந்தது. சபையில் அவர் ஒருவர்தான் பெண். முதல் சுற்றில் பெயர் கூப்பிட்டபோது பேசாமல் இருந்தார். இரண்டாம் சுற்றில் எழுந்து, நாட்டுக்குத் துணைநிற்க விரும்பினாலும் போருக்கு வாக்களிக்க முடியாது என்றார். பத்திரிகைகள் அவரையே குறிவைத்து எழுதியதால் மற்ற 49 பேர் மறந்துபோனார்கள். இது அவர்களுக்கும் அநியாயம்.

அவர் தனித்து நின்றது, மீண்டும் உறுப்பினராக இருந்த 1941 டிசம்பர் 8 அன்று, ஜப்பானுக்கு எதிரான போர்ப் பிரகடனத்தில்: 388-க்கு 1. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்வதுதான் வழக்கமான தவறு.

பதவி போன கதையும் அவ்வளவு நேரானதல்ல. 1916-ல் மொன்டானா முழுவதும் ஒரே தொகுதி, இரண்டு இடங்கள். பிறகு மாநிலத்தை இரண்டு தொகுதிகளாகப் பிரித்தார்கள். குடியரசுக் கட்சிக்காரரான அவருடைய பங்கு ஜனநாயகக் கட்சிக்குச் செல்வாக்குள்ள மேற்குத் தொகுதி. ஆகவே 1918-ல் அவர் அந்த இடத்துக்கு நிற்கவே இல்லை. செனட்டுக்குப் போட்டியிட்டு, குடியரசுக் கட்சியின் உட்கட்சித் தேர்தலில் தோற்றார். பொதுத்தேர்தலில் வேறொரு சிறு கட்சி சார்பில் நின்று மூன்றாம் இடம். போர் எதிர்ப்பு அவருக்கு வாக்குகளைக் குறைத்தது உண்மைதான், ஆனால் தொகுதிப் பிரிப்பை விட்டுவிட்டு அதை மட்டும் காரணமாகச் சொல்லக்கூடாது.