கேமராவைக் கவிழ்த்துப் பிடித்தவர்

டச்சு இயக்குநர் பெர்ட் ஹான்ஸ்ட்ரா 1950-இல் எடுத்த 'ஹாலந்தின் கண்ணாடி' என்ற குறும்படத்தை, 'போரின் சுவடே இல்லாத அழகான சுற்றுலாப் படம்' என்று சொல்லி ஒதுக்குகிறவர்களோடு எனக்குச் சற்றும் உடன்பாடில்லை.

ஏறத்தாழ பத்து நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம் இது. கதையும் இல்லை, வர்ணனைக் குரலும் இல்லை. கால்வாய் வழியே படகில் போகிற ஒருவர் கரையைப் பார்க்காமல் நீரை மட்டுமே பார்த்துக்கொண்டு போனால் என்னென்ன தெரியுமோ, அவ்வளவுதான் படம். நீரில் தலைகீழாக விழும் பிம்பத்தைக் கேமராவைக் கவிழ்த்துப் பிடித்து நிமிர்த்திவிடுகிறார் ஹான்ஸ்ட்ரா. அதனால் காற்றாலைகளும் மரங்களும் வீடுகளும் நேராக நிற்கின்றன. ஆனால் நிலையாக நிற்பதில்லை. ஒரு சிற்றலை வந்தால் போதும், சுவர் நெளிந்து, கீற்றுக் கீற்றாகப் பிரிந்து, அலை அடங்கியபின் மறுபடி சுவராகக் கூடுகிறது.

இடிபாடுகளைக் காட்டவில்லையே என்பது குற்றச்சாட்டு. அந்த நாட்டில் இரண்டாம் உலகப் போர் தண்ணீரைக் கொண்டும் நடத்தப்பட்டது என்பதை நாம் மறந்துவிடக் கூடாது. 1944 அக்டோபரில் தென்மேற்குக் கடலோரத்து வால்கெரன் தீவிலிருந்த ஜெர்மானியப் படையை விரட்ட நேச நாடுகள் கடல் அணைகளைக் குண்டு வீசி உடைத்தன. ஓராண்டுக்கும் மேலாக அங்கே கடல் ஏறி இறங்கியது. 1945 ஏப்ரலில், விடுதலைக்குச் சில வாரங்களே இருக்கையில், ஜெர்மானியர் வடக்கே வீரிங்கர்மேர் பகுதியின் அணையைத் தகர்த்து விளைநிலத்தை மூழ்கடித்தனர். ஐந்தே ஆண்டுகளில், அதே நாட்டு மக்கள் முன்னால், வீடு நீரில் கலைந்து மீண்டும் வீடாகும் காட்சியை வைத்தவருக்குப் போரைப் பற்றித் தனியாக ஒரு வாக்கியம் தேவைப்பட்டிருக்காது என்றே நினைக்கிறேன்.

போருக்குப் பின் ஐரோப்பாவை மீட்டெடுக்க அமெரிக்கா நிதி அளித்த மார்ஷல் திட்டத்தின் சார்பில் அதே ஆண்டுகளில் வெளிவந்த படங்களில் வர்ணனைக் குரல்தான் மறுசீரமைப்பை விளக்கியது. அவற்றுக்கும் தேவை இருந்தது. ஆனால் ஹான்ஸ்ட்ரா பார்க்கிறவரின் கண்ணை நம்பினார். 1951-இல் கான் திரைப்பட விழா குறும்படங்களுக்கான பெரும்பரிசை அவருக்கு அளித்தது. இசை சில இடங்களில் தேவைக்கு மேல் இனிமையாக இருப்பது மட்டுமே எனக்குக் குறையாகப் படுகிறது.

கண்ணாடிப் பொருள்கள் செய்வதைப் பற்றிய அவருடைய 'கிளாஸ்' என்ற 1958-ஆம் ஆண்டுப் படம் ஆஸ்கர் பெற்றதால் இன்றும் அதிகம் பேசப்படுகிறது. கைத்திறனை அவ்வளவு நேர்த்தியாகக் காட்டிய படம் அரிது. ஆயினும் இரண்டில் ஒன்றை மட்டும் பார்க்க நேரமிருப்பவரிடம் நான் 1950-ஆம் ஆண்டுப் படத்தைத்தான் சொல்வேன். அதில்தான் ஒரு நாடு முழுவதும் இருக்கிறது.