நடிகனுக்கு எதற்கு மொழித் தியாகிப் பட்டம்?

தென்னாப்பிரிக்காவில் டச்சு மொழியிலிருந்து கிளைத்த மொழி ஆப்பிரிகான்ஸ். அதன் ஆரம்பகால நடிகர்களைப் பற்றிப் பேச்சு வந்தாலே, மொழிக்குத் தொண்டு செய்தவர்கள் என்று மாலை போட்டு அனுப்பிவிடுகிறோம். மேடை நடிகர் ஆந்த்ரே ஹூகெனே விஷயத்தில் எனக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை.

1906இல் புளூம்ஃபோன்டைனில் பிறந்தவர். இயற்பெயர் கெர்ஹார்டஸ் பெட்ரஸ் போர்ஸ்ட்லாப். 1925இல் ஆப்பிரிகான்ஸுக்கு ஆட்சிமொழித் தகுதி கிடைத்தது. அதே ஆண்டில் பால் டி கிரூட் என்ற டச்சு நடிகர் தொழில்முறைக் குழு ஒன்றைத் தொடங்கினார். இளைஞரான ஹூகெனே அதில்தான் தொழில் கற்றார். பிறகு தானே குழு நடத்தினார். அரங்குகள் ஏது? ஊர் ஊராகப் போய், நகர மண்டபத்திலும் பள்ளிக்கூடத்திலும் திரை கட்ட வேண்டும். நாடகத்தையே பாவமாகப் பார்த்த தேவாலயச் சபைக்காரர்களிடமும் டிக்கெட் விற்க வேண்டும். இன்று வசூல் இல்லையென்றால் நாளை பயணம் இல்லை. இதைத் தொண்டு என்பதா? பிழைப்பு, கூடவே அடக்க முடியாத நடிப்பு வெறி. அப்படிச் சொன்னால் அவருக்கு ஒரு குறைவும் வந்துவிடாது.

சினிமாவிலும் நடித்தார். ஆப்பிரிகான்ஸ் பேசும்படமே 1931இல்தான் வந்தது. அந்தச் சிறிய சினிமா உலகம் அவருக்குப் போதவில்லை. அவர் தேடியது பெரிய பாத்திரங்களை. 1947இல் ஆப்பிரிகான்ஸில் ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டாக நின்றார். ‘எங்கள் மொழியாலும் முடியும்’ என்று கொண்டாடியவர்களுக்கு அது மொழியின் வெற்றி. ஒரு நடிகனுக்கு அது ஹாம்லெட். அவ்வளவுதான், அதுவே போதும்.

அந்தக் கொண்டாட்டத்தில் வசதியாக மறந்த ஒன்று உண்டு. கேப் பகுதி முஸ்லிம்கள் 19ஆம் நூற்றாண்டிலேயே இந்த மொழியை அரபு எழுத்தில் எழுதினார்கள். இன்றும் அதைத் தாய்மொழியாகக் கொண்டவர்களில் வெள்ளையர் அல்லாதவரே அதிகம். ஆனால் ‘தேசிய’ அரங்கு என்று கட்டி எழுப்பியது வெள்ளையருக்காக. அதற்கு ஹூகெனேவைக் குற்றவாளி ஆக்க மாட்டேன். ஆனால் மொழிக் காவலர் என்ற பட்டத்தைச் சூட்டினால் இந்தக் கணக்கும் சேர்ந்தே வரும்.

அரசு ஆதரவுடன் தேசிய நாடக அமைப்பு வந்ததும் அதே 1947தான். சொந்தக் காசில் குழு நடத்தியவர்களின் காலம் அத்தோடு மங்கத் தொடங்கியது. 1961இல் அவர் இறந்தார். புளூம்ஃபோன்டைனின் சாண்ட் டு பிளெசிஸ் வளாகத்தில் ஓர் அரங்குக்கு அவர் பெயர் வைத்தார்கள். செத்த பிறகு பலகை எழுதுவதில் எந்த அரசும் கஞ்சத்தனம் செய்வதில்லை!

வெளிநாட்டு நாடக ரசிகர்களுக்கு அவரை அறிமுகப்படுத்தியது தென்னாப்பிரிக்க நாடகாசிரியர் ஏதோல் ஃபுகார்ட் எழுதி 2004இல் அரங்கேறிய ஆங்கில நாடகம். இளமையில், 1956இல், கிரேக்க நாடகத்தில் ஹூகெனே ஈடிபஸ் மன்னனாக நடித்தபோது ஆட்டிடையன் வேடத்தில் அதே மேடையில் நின்றவர் ஃபுகார்ட். அவர் காட்டுவது மொழிப் போராளியை அல்ல. கர்வமும் களைப்பும் கொண்ட ஒரு தொழில்காரரை. அதனால்தான் நம்ப முடிகிறது. ஆனாலும் அது இன்னொருவர் பார்வைதானே? ஹூகெனே 1950இல் ஆப்பிரிகான்ஸில் தன்வரலாறு எழுதி வெளியிட்டிருக்கிறார். அரங்குக்குப் பெயர் வைத்தவர்கள் அதை மறுபதிப்பாகவும் ஆங்கிலத்திலும் கொண்டுவரட்டும். அவரே பேசட்டும், பட்டத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.