வயிறு நிறைந்தவர்களின் வியாதியா?

ஞாயிற்றுக்கிழமை நடந்ததைப் பற்றி எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். முடியவில்லை. "எல்லாம் இருக்கு, ஆனா மனசு வெறிச்சுன்னு இருக்கு" என்று எனக்குத் தெரிந்த ஒரு பெண் இணையத்தில் பதிவு போட்டதற்கு "வயிறு நிறைஞ்சவங்க வியாதி" என்று பதில். அதற்கு இருபது பேர் சிரிப்புப் பொம்மை வேறு.

அது வியாதி இல்லை. வீடு, கார் எல்லாம் வந்த பிறகும் "இதுக்குத்தானா ஓடினோம்?" என்று உள்ளே எழுகிற கேள்வி.

அப்பா இறந்த மாதம் தினமும் ராத்திரி ஃபோனில் எதையாவது ஆர்டர் செய்துகொண்டிருந்தேன். மூன்று வருடம் கழித்துப் பரணைச் சுத்தம் செய்தபோது ஒரு பெட்டி கிடைத்தது. ஒட்டிய டேப்பைக்கூடப் பிரிக்கவில்லை. உள்ளே தியானத்துக்கு உட்காரும் மெத்தை. பில்லில் அப்பா போன மறுநாள் தேதி. அமைதியைக்கூட எனக்கு வாங்கத்தான் தெரிந்திருக்கிறது. அதன் மேலேயே உட்கார்ந்து அழுதேன்.

"அப்போ எல்லாத்தையும் வித்துட்டுக் காட்டுக்குப் போ" என்பீர்கள். அப்படி யார் சொன்னது? வாஷிங் மெஷின் வந்த பிறகுதான் அம்மாவின் கைவலி குறைந்தது. பொருளை நான் திட்டவே இல்லை. "கஷ்டப்படுறவங்க இருக்கும்போது இது தேவையா?" தேவைதான். இல்லாதவருக்கு வாழ்க்கையின் அர்த்தம் பற்றிய கேள்வியே வராது என்று நினைக்கிறீர்களா? அதுதான் அவர்களுக்கு அவமானம்.

புறநகரில் ஜனங்கள் கூடிப் பேச இடமே இல்லையே என்று வருந்தியவர் கட்டடக் கலைஞர் விக்டர் குரூயன். 1956இல் அமெரிக்காவின் மினசோட்டாவில் அவர் வடிவமைத்த சவுத்டேல் மால் திறந்தது. கூரைக்கடியில் ஒரு ஊர்ச் சதுக்கம், சுற்றிலும் வீடு, பள்ளி, பூங்கா என்பதுதான் அவர் கனவு. ஆனால் அதைப் பார்த்து மற்ற மால்களைக் கட்டியவர்கள் கடைகளையும் கார் நிறுத்துமிடத்தையும் மட்டும் எடுத்துக்கொண்டார்கள். கடைசியில் அவரே மனம் வெறுத்து அவற்றைக் கைகழுவினார். மனிதர்களைத் தேடிப் போன நமக்குக் கிடைத்தது கடை!

பக்கத்து வீட்டுக்காரர் எந்த மாதம் கார் மாற்றினார் என்று எனக்குத் தெரியும். அவருடைய அம்மா படுத்த படுக்கையாக இருந்தது ஆம்புலன்ஸ் வந்த அன்றுதான் தெரியும். இதையும் வயிறு நிறைந்த வியாதி என்றே சொல்லுங்கள், சரி.

அந்தப் பெண் தன் பதிவை நீக்கிவிட்டார். சிரித்த இருபது பேரில் ஒருவராவது "என்னம்மா ஆச்சு?" என்று கேட்டிருக்கலாம். நானும் அன்று கேட்கவில்லை. இன்று காலை கூப்பிட்டேன், எடுக்கவில்லை. சாயங்காலம் மறுபடி கூப்பிடுவேன்.